ஒரு நாரையும் மூன்று பெண் குழந்தைகளும்

காலை ஏழு நாற்பதுக்கு, சிங்காநல்லூர் குளத்தில் நின்றுகொண்டிருந்த ஒரு சாம்பல் நாரை கழுத்தைத் திருப்பி என்னைப் பார்த்தது. எல்லாம் கெடத் தொடங்கியது அந்த நிமிடத்தில்தான். நாரை மேல் தப்பில்லை. அது எல்லோரையும் அப்படித்தான் பார்க்கும் என்று பிறகு தெரிந்துகொண்டேன். நான்தான், ஒரு உயிர் என்னை இவ்வளவு கவனமாகப் பார்க்கிறதே, பதிலுக்கு நானும் அதை ஒழுங்காகப் பார்க்க வேண்டாமா என்று நினைத்துவிட்டேன். (அப்போது எனக்குக் கல்யாணமாகி ஒன்பது வருடம். அந்த ஒன்பது வருடத்தில் என்னை இப்படி வேறு யாரும் பார்த்ததில்லை என்பதையும் கணக்கில் கொள்ள வேண்டும்.)

தொண்ணூறுகளின் நடுவில் நடந்தது இது. நான் பீளமேட்டுப் பக்கம் ஒரு பம்பு கம்பெனியில் டிராப்ட்ஸ்மேன். பெண்ணாக இருந்தாலும் பதவியின் பெயர் அதுதான். மோட்டார் பம்பின் உறுப்புகளைக் கடைந்து எடுப்பதற்கு முன் காகிதத்தில் வரைந்து கொடுக்க வேண்டும். ஒரு பொருளை நேராக நின்று பார்த்தால் எப்படி இருக்கும், பக்கத்தில் நின்று பார்த்தால் எப்படி, மேலே இருந்து பார்த்தால் எப்படி என்று ஒன்றுக்கே மூன்று படம், அடுத்தடுத்துப் போடுவோம். அப்போதுதான் லேத்தில் நின்று கடைபவருக்குப் பொருள் முழுசாகப் புரியும். வருடக்கணக்கில் இதையே செய்ததில் உலகமே எனக்கு மூன்று மூன்றாகத் தெரிய ஆரம்பித்திருந்தது. இட்லி நேராகப் பார்த்தால் ஒரு மேடு, மேலே இருந்து பார்த்தால் வட்டம். என் நாத்தனார் நேராகப் பார்த்தால் சாந்தமானவர். மூக்கும் கோபமும் பக்கவாட்டில்தான் தெரியும்.

இந்த நோய்க்கு மருந்தாகத்தான் ஓவிய வகுப்பில் சேர்ந்தேன். ஆர்.எஸ்.புரத்தில் ஒரு நகைக்கடைக்கு மேல் மாடியில், ஞாயிறுதோறும். சொல்லிக்கொடுத்தவர் குமரேசன். என்னைவிட ஏழெட்டு வயது சின்னவர். தாடி, சைக்கிள், சட்டைப் பையில் ஒரு கட்டுப் பீடி. வகுப்பில் மற்றவர்கள் எல்லாம் பள்ளிக்கூடப் பிள்ளைகள். நான் ஒருத்திதான் புடவை.

முதல் நாள் ஒரு மாம்பழத்தை மேசை மேல் வைத்து வரையச் சொன்னார். வரைந்தேன். குமரேசன் வந்து பார்த்தார். மாம்பழத்தின் நடுவே ஒரு மையக்கோடு ஓடியது. காம்புக்கு அம்புக்குறி போட்டு அளவு எழுதியிருந்தேன்.

"அக்கா, இத லேத்துல ஓட்டப் போறீங்களா?"

பிள்ளைகள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். (சிரிக்காமல் என்ன செய்வது, மாதக் கட்டணம் கட்டியாயிற்று.)

"மாம்பழத்தப் பத்தி உங்குளுக்குத் தெரிஞ்சதையெல்லாம் போட்டிருக்கீங்க. பாத்தத எங்கீங்க? ஒரு விசயம் நெனப்புல வெச்சுக்குங்க. தெரிஞ்சதப் போடாதீங்க. பாக்கறத மட்டும் போடுங்க."

இந்த வாக்கியம் என்னை அப்படியே பிடித்துக்கொண்டது. வீட்டில், பஸ்ஸில், ஆபீஸில் எல்லோரிடமும் சொன்னேன். நமக்குத் தெரியும் என்ற நினைப்புத்தான் நம் கண்ணைக் கெடுக்கிறது, ஓவியர்கள் மட்டும்தான் உலகத்தை நிஜமாகப் பார்க்கிறார்கள் என்று சொற்பொழிவே ஆற்றினேன். என் வீட்டுக்காரர் சாப்பிட்டபடியே கேட்டுவிட்டுச் சொன்னார்: "பாக்கறதுக்குக் கொழம்பு நல்லாத்தான் இருக்குது அம்மணி. உப்பில்லைங்கறது எனக்குத் தெரிஞ்ச விசயம். சொல்லலாமா, வேண்டாமா?"

அடுத்த வாரம் வகுப்பு கிடையாது, அசையும் எதையாவது அதன் இடத்துக்கே போய் வரைந்துகொண்டு வாருங்கள் என்றார் குமரேசன். எங்கள் வீடு சிங்காநல்லூரில், குளத்துக்குப் பக்கம். நான் குளத்தில் பறவை வரையப் போகிறேன் என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னேன்.

அந்த ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுக்காரர் ஊரில் இல்லை. துடியலூரில் அவர் தங்கை வீடு கட்டிக்கொண்டிருந்தார். அன்றைக்குக் கான்கிரீட் போடும் வேலை என்று முந்தின நாளே போய்விட்டார். போகும்போது, "நித்யாவப் பாத்துக்க" என்றார். நித்யா எங்கள் ஒரே மகள். ஏழு வயது, இரண்டாம் வகுப்பு. பார்ப்பதுதானே, நான் இப்போது அதில்தானே பயிற்சி எடுத்துக்கொண்டிருக்கிறேன் என்று எனக்கு நினைப்பு.

குளக்கரையில் ஒரு வேப்பமரத்தடியில் உட்கார்ந்தோம். அவளுக்கும் ஒரு அட்டை, நான்கு தாள், ஒரு பென்சில் கொடுத்தேன். நாரை எங்களுக்கு நேரே, முழங்கால் தண்ணீரில். ஏழு நாற்பதுக்கு அது என்னைப் பார்த்தது என்று சொன்னேன் அல்லவா. அதன் பிறகு எனக்கும் உலகத்துக்கும் இருந்த தொடர்பு மெல்ல அறுந்தது.

"அம்மா, அது ஏன் ஒத்தக் கால்ல நிக்குது?"

"ம்."

"கால் வலிக்காதா அதுக்கு?"

"ம்."

முதல் தடவையாக என் பென்சில் எனக்குத் தெரியாத ஒன்றைச் செய்தது. கழுத்து எங்கே வளைகிறது, எங்கே வளைவதுபோல் காட்டி ஏமாற்றுகிறது, கண்ணைச் சுற்றி அந்த மஞ்சள், கண்ணுக்குப் பின்னால் மை தீட்டியதுபோல் நீளும் கறுப்பு, மூட்டுக்குக் கீழே காலில் இருந்த பாசி. மையக்கோடு இல்லை, அம்புக்குறி இல்லை. மூன்று நாரை இல்லை, ஒன்றே ஒன்று. ஒரு கட்டத்தில், எங்கிருந்தோ வந்த பீடி வாசனைக்கு நடுவே, எனக்குள்ளிருந்து ஒரு குரல் பேசியது. "கழுத்து நல்லா வருதுங்க. றெக்கைய அவசரப்படாமப் போடுங்க" என்றது. எனக்குள் உறங்கிக்கிடந்த கலைஞர் எழுந்துவிட்டார் என்று நினைத்தேன். (எனக்கு நானே எதற்கு மரியாதை கொடுத்துப் பேசிக்கொள்கிறேன் என்று ஒரு சந்தேகம் வந்தது. கோயமுத்தூர்க்காரியின் மனசாட்சி வேறெப்படிப் பேசும் என்று விட்டுவிட்டேன்.) அந்தக் குரலுக்கும் "ம்" சொன்னேன்.

பிறகு நாரை பறந்துபோனது. நான் ஒரு பெருமூச்சு விட்டு, தாளைக் கையில் நீட்டிப் பிடித்துப் பார்த்து, "நித்யா, இங்க பாரு கண்ணு" என்றேன்.

பக்கத்தில் யாரும் இல்லை.

அவள் உட்கார்ந்திருந்த இடத்தில் புல் படிந்திருந்தது. அட்டையைக் காணோம், பென்சிலையும் காணோம். முதலில் மரத்துக்குப் பின்னால் பார்த்தேன். பிறகு கரையின் அந்தச் சரிவில் பார்த்தேன். பிறகுதான் தண்ணீரைப் பார்த்தேன். அதுவரை அந்தக் குளம் எனக்கு நாரை நிற்பதற்கான இடமாக மட்டுமே இருந்தது. எவ்வளவு பெரிய குளம் அது. வெயில் பட்டு ஒன்றும் தெரியாதது மாதிரி மினுங்கிக்கொண்டிருந்தது.

பரிசலில் மீன்வலை இழுத்துக்கொண்டிருந்தவரைக் கத்திக் கூப்பிட்டேன். "ஏனுங்க, ஒரு சின்னப் பொண்ணப் பாத்தீங்களா? இங்கதானுங்க உக்காந்திருந்தா."

"என்ன கலர் சட்டைங்க?"

  காலையில் நான்தான் குளிப்பாட்டினேன், நான்தான் தலை பின்னினேன், நான்தான் கவுன் மாட்டி, பின்னால் ஊக்குப் போட்டேன். நாரையின் கண் மஞ்சள், காலில் பாசி, அலகின் நுனியில் ஒரு சின்ன விரிசல். என் மகளின் கவுன் நிறம் தெரியவில்லை.

"தெரியலீங்க" என்றேன்.

அவர் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பரிசலைக் கரையோரமாகத் தள்ளிக்கொண்டு வந்து, மூங்கில் கழியால் தண்ணீரை அங்கங்கே குத்திப் பார்த்தார். இந்தக் கட்டுரையை நான் சிரிப்பாகத்தான் எழுத உட்கார்ந்தேன். அந்தக் கழி தண்ணீருக்குள் போய்ப் போய் வந்ததைச் சிரிப்பாக எழுத எனக்கு இன்னும் வரவில்லை. "இங்கொண்ணுமில்லீங்க. ஊட்டுக்குப் போயிருக்கும், போய்ப் பாருங்க" என்று அவர் சொன்னதும் ஓடினேன்.

வீடு பூட்டியிருந்தது. பக்கத்து வீடுகளில் யாரும் பார்க்கவில்லை. தெரு முனையில் ஒருவர், சின்னப் பெண் ஒன்று பஸ் ஸ்டாண்டு பக்கம் போனது மாதிரி இருந்தது என்றார். அதைக் கேட்டபோது தண்ணீரில் இல்லை என்று ஒரு நிமிடம் உயிர் வந்தது. மறு நிமிடம் போய்விட்டது. சிங்காநல்லூர் பஸ் ஸ்டாண்டில் இருந்து கிழக்கே எல்லா ஊருக்கும் பஸ் போகும். வேடிக்கை பார்க்க ஒரு பஸ்ஸில் ஏறி உட்கார்ந்திருந்தால் போதும், சூலூர் தாண்டிப் பல்லடம் தாண்டி எங்கேயாவது ஒரு ஊரில் இறங்கி நிற்பாள். நின்ற பஸ் எல்லாவற்றிலும் ஏறி இறங்கினேன். "நித்யா, நித்யா" என்று கூப்பிட்டுக் கூப்பிட்டுத் தொண்டை கட்டி, கடைசியில் குரலுக்குப் பதில் காற்றுத்தான் வந்தது.

அங்கே காவலுக்கு ஒரு ஏட்டு நின்றிருந்தார். நடுத்தர வயது, நல்ல வாட்டசாட்டம், தொப்பைக்கு மேல் பெல்ட். என்னை ஒரு பெஞ்சில் உட்கார வைத்து, தண்ணீர் வாங்கிக் கொடுத்தார். நல்ல மனிதர்.

"பதறாதீங்க அம்மணி. என்ன கலர் சட்டை?"

"தெரியலீங்க."

"ஆளு எப்படி இருக்கும்? செவப்பா, கறுப்பா, குண்டா, ஒல்லியா?"

 பையில் இருந்து தாளையும் பென்சிலையும் எடுத்தேன். "வரஞ்சு காட்டட்டுங்களா?" என்றேன். ஏட்டு முகம் மலர்ந்துவிட்டது. "அட, படம் வரைவீங்களா. அப்பறமென்ன. போடுங்க, போடுங்க."

நாரைக்குக் கிடைத்த கை என் மகளுக்குக் கிடைத்திருக்கலாம். முகத்தைப் பார்த்தபடி வரைந்திருக்கலாம். ஆனால் பயம் வந்தால் மனிதர்கள் பழகிய பாதையில்தான் ஓடுவார்கள். நான் பம்பு கம்பெனிக்கு ஓடினேன். தாளை மூன்றாகப் பிரித்தேன். இடதுபக்கம் நேராகப் பார்க்கும் நித்யா. வலதுபக்கம் பக்கவாட்டில் பார்க்கும் நித்யா. கீழே, மேலிருந்து பார்த்தால் தெரியும் நித்யா: அதாவது ஒரு வட்டம், நடுவில் வகிடு, இருபுறமும் ஒரு சடை, தோள்பட்டை கொஞ்சம். உயரத்துக்கு அம்புக்குறி போட்டு, மில்லிமீட்டரில் 1140 என்று எழுதினேன். எங்கள் தொழிலில் நிறம் கிடையாது, என்ன பொருளால் ஆனது என்று எழுதுவோம். ஆகவே கவுனுக்கு ஒரு கோடு இழுத்து "பருத்தி" என்று எழுதினேன். பெயரைக் கடைசியாக வலது மூலையில் கட்டம் போட்டு எழுதுவது வழக்கம். கட்டம் போட்டேன். பெயர் எழுதுவதற்குள் பல்லடம் பஸ் நகர ஆரம்பித்தது. அதன் ஜன்னல்களில் சின்னத் தலை ஏதாவது தெரிகிறதா என்று எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஏட்டு பக்கத்தில் இருந்து ஏதோ கேட்டார்.

"மூணுங்களா?"

"ம்" என்றேன்.

பஸ்ஸைத் துரத்திக்கொண்டு ஓடினேன். கண்டக்டர் விசில் அடித்து நிறுத்தினார். ஏறிப் பார்த்தேன், இல்லை. மூச்சு வாங்கத் திரும்பி வந்தபோது, ஆடித் தள்ளுபடிக்கு விளம்பரம் செய்துகொண்டு வந்த ஒலிபெருக்கி ஆட்டோ ஒன்று என் படத்துடன் பஸ் ஸ்டாண்டை விட்டு வெளியே போய்க்கொண்டிருந்தது.

"பொதுமக்களுக்கு ஓர் அறிவிப்பு. மூன்று பெண் குழந்தைகளைக் காணவில்லை. முதல் குழந்தை நேராகப் பார்க்கும். இரண்டாவது குழந்தை ஒரு பக்கமாகப் பார்க்கும். மூன்றாவது குழந்தை சற்றுக் குண்டாக இருக்கும். வீட்டு எண் ஆயிரத்து நூற்று நாற்பது. பார்த்தவர்கள் உடனே பேருந்து நிலையத்துக்கு அழைத்து வரவும். பட்டுப் புடவைகளுக்கு முப்பது சதவீதம் தள்ளுபடி."

"ஐயா, ஒண்ணுதானுங்க" என்றேன். சத்தம் வரவில்லை. ஏட்டு காதைப் பக்கத்தில் கொண்டு வந்தார். "ஒண்ணுதானுங்க எனக்கு."

"நீங்கதான அம்மணி மூணு போட்டுக் குடுத்தீங்க. கேட்டதுக்கு ஆமான்னீங்க."

"ஒரே புள்ளைதானுங்க. நேராப் பாத்தா, பக்கத்துல பாத்தா, மேல இருந்து பாத்தா."

"மேல இருந்து யாருங்க பாக்கப் போறாங்க?" என்றார் ஏட்டு. கோபமே இல்லை, நிஜமான சந்தேகம். "அப்ப அந்த ஆயிரத்து நூத்தி நாப்பது? ஊட்டு நம்பருன்னு நெனச்சுச் சொல்லியுட்டனே."

(இன்றைக்கும் எங்கள் சொந்தத்தில் எந்தக் கல்யாணத்துக்குப் போனாலும், வாசலில் சந்தனம் கொடுக்கும்போதே, "மத்த ரெண்டும் வரலீங்களா?" என்று யாராவது ஒருவர் கேட்பார். என் நாத்தனார் நேராகப் பார்த்துக்கொண்டே கேட்பார்.)

ஆட்டோவைத் திருப்பிக் கூப்பிட ஆள் போவதற்குள் ஊர் வேலை செய்ய ஆரம்பித்துவிட்டது. ஒரு பழக்கடைக்காரர், கண்ணைக் கசக்கிக்கொண்டு நின்ற ஒரு பெண் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வந்தார். "ஒரு பக்கமாப் பாக்குது ஏட்டய்யா, இதான்னு நெனைக்கறேன்." அது நிஜமாகவே ஒரு பக்கமாகத்தான் பார்த்தது. அந்தப் பக்கம் அதனுடைய அப்பா கடலை வறுத்துக்கொண்டிருந்தார் என்பது பிறகுதான் தெரிந்தது. அடுத்த சில நிமிடத்தில் இரண்டு பெண்கள் ஒரு குண்டுக் குழந்தையைக் கையைப் பிடித்து அழைத்து வந்தார்கள். அது அழவே இல்லை. ஏட்டு அதற்கு ஒரு பன் வாங்கிக் கொடுத்தார்.

"ரெண்டு கெடச்சிருச்சுங்க. இன்னும் ஒண்ணுதான் பாக்கி" என்றார் ஏட்டு என்னிடம், ஆறுதலாக.

"இது ரெண்டும் என்னுதில்லீங்க."

"பதட்டத்துல அப்படித்தானுங்க தெரியும். நல்லாப் பாருங்க." பன் தின்றுகொண்டிருந்த குழந்தையிடம் குனிந்து, "கண்ணு, இது உங்க அம்மாவா?" என்று கேட்டார்.

அது பன்னைப் பார்த்தது, என்னைப் பார்த்தது, கடைக்காரரிடம் இன்னும் பன் இருப்பதைப் பார்த்தது. "ஆமா" என்றது.

கூட்டத்தில் எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். பெற்ற பிள்ளையின் சட்டை நிறம் தெரியாதவள், இப்போது பிள்ளையே தன்னுடையது இல்லை என்கிறாள். ஒருவர் பக்கத்தில் இருந்தவரிடம், "வேண்டாம்னு உட்டுட்டுப் போறதுக்கு வந்திருப்பாளாட்ட இருக்குது" என்றார்.  இரண்டு கையையும் தலையில் வைத்துக்கொண்டேன். என் பிள்ளை எங்கேயோ ஒரு பஸ்ஸில் தூரம் தூரமாகப் போய்க்கொண்டிருக்கிறாள், இவர்கள் எனக்கு வேறு பிள்ளைகளைக் கொடுத்துக் கணக்கை முடிக்கப் பார்க்கிறார்கள்.

அந்த நேரம் கூட்டத்தைப் பிளந்துகொண்டு கடலைக்காரர் வந்தார். கையில் கரண்டி.

"ஏனுங்க, எம் புள்ளைய எதுக்குங்க புடிச்சு வெச்சிருக்கறீங்க?"

"நான் புடிக்கலீங்க."

"நீங்கதானுங்க படம் போட்டுக் குடுத்தீங்களாமா. எம் புள்ளைய எப்பங்க பாத்தீங்க, எதுக்குங்க வரஞ்சீங்க? கொன்னுபோடுவேனுங்க." (கொலை மிரட்டலிலும் மரியாதை குறையவில்லை. எங்கள் ஊரில் அடி விழுந்தாலும் "ங்க" போட்டுத்தான் விழும்.)

ஏட்டு நடுவில் புகுந்தார். "அது உங்க புள்ள இல்லீங்க, மேல இருந்து பாத்தா..." என்று ஆரம்பித்து, என்ன சொல்வது என்று தெரியாமல் என்னைப் பார்த்தார். நான் அழுதுகொண்டிருந்தேன். ஒரு பெண்மணி என் முதுகைத் தடவிக் கொடுத்தார். இன்னொருவர் பையைத் தேடிப் பார்க்கலாம் என்றார். தேடினார்கள். பையில் நாரை இருந்தது.

எவ்வளவு நேரம் என்று தெரியவில்லை. கூட்டத்துக்கு வெளியே ஒரு ஆண் குரல். "சித்த வழி உடுங்க. ஏனுங்க, அது எங்க அக்கா மாதிரி இருக்குதுங்க."

குமரேசன். ஒரு கையில் பெரிய நோட்டு, இன்னொரு கையில் இலையில் கட்டின பொட்டலம். அவருக்குப் பின்னால், அட்டையை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு, வாயோரம் சட்னியோடு, நித்யா.

மெரூன் கவுன். வெள்ளைக் காலர். போன தீபாவளிக்கு டிரேசிங் தாளில் அளவு வரைந்து, வெட்டி, நானே தைத்தது.

அவளை அள்ளி எடுத்ததும் என்ன செய்தேன் என்று எனக்கு நினைவில்லை. அடித்தேன் என்று அவள் சொல்கிறாள். முத்தம் கொடுத்தேன் என்று குமரேசன் சொல்வார். இரண்டும் இருக்கும்.

"நா சொல்லிட்டுத்தானுங்க அக்கா கூட்டிட்டுப் போனேன்" என்றார் குமரேசன், முகம் வெளுத்துப்போய். அவர் வீடு ஒண்டிப்புதூர். மாணவி எப்படி வரைகிறாள் என்று பார்க்கக் காலையில் சைக்கிளில் குளத்துக்கு வந்திருக்கிறார். "உங்க பின்னாடியேதான் நின்னேன். கழுத்து நல்லா வருதுன்னு சொன்னேன். புள்ள பசிக்குதுன்னுச்சு. இட்லி வாங்கிக் குடுத்துக் கூட்டிட்டு வாரேனுங்கன்னேன். நீங்க 'ம்'ன்னீங்க. ரெண்டாந்தடவ கேட்டேன், அப்பவும் 'ம்'ன்னீங்க. ஒருத்தர் இப்படிப் பாக்கறத நா பாத்ததே இல்லீங்க அக்கா. கலைக்கக் கூடாதுன்னு மெதுவாவே தின்னுட்டு வந்தோம்."

எனக்குள் எழுந்த கலைஞருக்குப் பீடி வாசனை இருந்தது ஏன் என்று அப்போதுதான் புரிந்தது.

"அப்பறம் இத்தன நேரம்?"

அவர் தலையைச் சொறிந்தார். இட்லிக் கடையில் இருந்து திரும்பும் வழியில் பஸ் ஸ்டாண்டில் ஒரு கூட்டம். நடுவில் ஒரு பெண் தலையில் கை வைத்து நிற்கிறாள், போலீஸ், கரண்டியோடு ஒருவர், பன் தின்னும் குழந்தை. இப்படி ஒரு காட்சி ஓவியனுக்கு வாழ்நாளில் எத்தனை தடவை கிடைக்கும். எதிர்ப்பக்கச் சுவரில் ஏறி உட்கார்ந்து வரைய ஆரம்பித்துவிட்டார். நித்யாவும் பக்கத்தில் உட்கார்ந்து வரைந்திருக்கிறாள்.

"என்னைத் தெரியலையா குமரேசன் உங்களுக்கு?"

"முதுகுதானுங்க தெரிஞ்சுது. நீங்க திரும்புனதுக்கப்பறந்தான் மொகத்தப் பாத்தேன். அதுவுமில்லாம மைக்குல மூணு புள்ளையக் காணோம்னாங்க. உங்குளுக்கு ஒண்ணுதானுங்களே."

"நா சொன்னேம்மா" என்றாள் நித்யா. "அது எங்கம்மான்னு சொன்னேன். அண்ணன்தான், தெரிஞ்சதப் போடாத, பாக்கறத மட்டும் போடுன்னுச்சு."

குமரேசன் தரையைப் பார்த்தார். ஏட்டு மட்டும் அவர் கையில் இருந்த நோட்டை வாங்கிப் பார்த்தார். அதில் எல்லோரும் இருந்தார்கள். கடலைக்காரரின் கை நரம்பு, பழக்கடைக்காரரின் குற்ற உணர்ச்சி, கூட்டத்தின் வேடிக்கைப் பசி, என் வளைந்த முதுகு. அவ்வளவு நன்றாக வரைந்திருந்தார். அவ்வளவு நன்றாகப் பார்த்த மனிதருக்கு அது நான்தான் என்று தெரியவில்லை. ஏட்டு வெகுநேரம் பார்த்துவிட்டு, "தொப்பைய மட்டும் கொஞ்சம் கொறச்சுப் போடுங்க தம்பி" என்று திருப்பிக் கொடுத்தார். கடலைக்காரர் தன் மகளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, எனக்கு ஒரு பொட்டலம் கடலை கொடுத்தார். பன் குழந்தையைத் தேடி இரண்டு சித்திகளும் ஒரு மாமாவும் வந்தார்கள். அது போக மாட்டேன் என்று அழுதது.

நித்யா என் இடுப்பில் இருந்து வழுக்கி இறங்கினாள். தன் அட்டையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். சுவரில் இருந்து அவளுக்கும் என் முதுகுதான் தெரிந்திருக்கும், ஆனாலும் அதில் நான் முட்டைக் கண்ணும் திறந்த வாயுமாக நின்றேன். தலைக்கு மேல் கைகள் பாதியில் முடிந்திருந்தன.

"கைய எறக்கிட்டியா? மறுக்காத் தலையில வெச்சுக்கம்மா. இன்னும் வெரலு போடல."

வைத்துக்கொண்டேன். வேறு என்ன செய்ய. பஸ் ஸ்டாண்டு நடுவில், என் மகள் என்னுடைய பத்து விரலையும் வரைந்து முடிக்கும்வரை நின்றேன். அவள் ஒவ்வொரு தடவை நிமிரும்போதும் அவள் முகத்தை நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். மூக்கு நுனியில் ஒரு மச்சம் இருக்கிறது அவளுக்கு. ஏட்டிடம் அதைச் சொல்லியிருக்கலாம்.

அன்றைக்குப் பிறகு நான் பென்சிலை ஆபீஸில் மட்டும்தான் தொட்டேன். வகுப்புக்கு என் இடத்தில் நித்யா போனாள். இப்போது பெங்களூரில் வேலை. தினமும் காலையில் போன் செய்து, "இன்னைக்கு என்ன கலர் போட்டிருக்க?" என்று கேட்கிறேன். அவள் அறைத் தோழிகள் நான் ஏதோ துணிக்கடை வைத்திருப்பதாக நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். சொல்லும்வரை எனக்கு அன்றைய நாள் தொடங்குவதில்லை. ஒரு நாள் எடுக்கவில்லை என்றால் குளத்தங்கரையில் அந்த மூங்கில் கழி மறுபடி தண்ணீருக்குள் இறங்குகிறது. நீலம் என்று குறுஞ்செய்தி வந்ததும் மேலே வருகிறது.

அந்த ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்ததில் இருந்து சாயங்காலம்வரை நித்யாவை மடியில் வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருந்தேன். சமைக்கவில்லை, விளக்குப் போடவில்லை. அவள் அப்பாவிடம் எப்படிச் சொல்வது, எந்த இடத்தில் இருந்து தொடங்குவது, நாரையில் இருந்தா பன்னில் இருந்தா என்று மனசுக்குள் மாற்றி மாற்றி ஒத்திகை பார்த்தேன். நித்யா தூங்கிவிட்டாள். கேட் திறக்கும் சத்தம் கேட்டது. கான்கிரீட் சிமெண்டு ஒட்டின கால்களோடு அவர் உள்ளே வந்தார், செருப்பைக் கழற்றினார், மகளின் தலையைத் தடவினார், நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தார்.

"கேட்டியா அம்மணி. காந்திபுரத்துலிருந்து இங்க வார வரைக்கும் பஸ்ஸுல இதே பேச்சுத்தான். இங்க ஏதோ ஒரு பொம்பள மூணு பொம்பளப் புள்ளைங்களத் தொலச்சுப்போட்டாளாமா. ஒண்ணு ரெண்டில்ல, மூணு. கேட்டா, எம் புள்ளையே இல்லைங்கறாளாமா." முகத்தைத் துண்டால் துடைத்துக்கொண்டார். "அவளுக்கும் புருசன்னு ஒருத்தன் இருப்பான் பாரு. அவன நெனச்சாத்தான் எனக்குப் பாவமா இருக்குது."